ஒரு சாவு கேட்டவர்

“…அடிச்சதைக் கேக்கல சார். அடிக்கிறதுக்குன்னுதான் இட்டுகினு வந்தீங்க, அடிச்சிட்டீங்க. சாவ வுடாம எதுக்கு சார் நிறுத்தினீங்க?”

திரிசூலம் கல்குவாரியில், அத்தனை பேர் பார்க்க, ஒரு சினிமா டைரக்டரை நேருக்கு நேர் நின்று இப்படிக் கேட்டவள் என் பக்கத்துப் போர்ஷன் அக்கா. கேட்டது தன் புருஷனுக்காக. அவர் கொஞ்சம் தள்ளி, கருங்கல் சில்லுகளின் மேல் உட்கார்ந்து, வாயிலிருந்த ரத்தத்தைத் துப்பிக்கொண்டிருந்தார். என் புருஷனைச் சாக விடு என்று ஒரு சுமங்கலி சண்டைக்குப் போனதை நான் அதற்கு முன்பும் பார்த்ததில்லை, பிறகும் பார்த்ததில்லை. விஷயம் அங்கே எப்படி வந்து நின்றது என்று சொன்னால்தான் அவள் கேள்வியின் நியாயம் விளங்கும்.

நான் கல்யாணமாகி மேற்குத் தாம்பரத்துக்கு வந்தது அறுபதுகளின் நடுவில். நாலு போர்ஷன், ஒரு கிணறு, ஒரு முருங்கை மரம். என் வீட்டுக்காரருக்கு ரயில்வேயில் வேலை. எனக்கு ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடம் முடிந்துவிட்டது. அதற்கப்புறம் மளிகைப் பொட்டலத்தைப் பிரித்துப் பிரித்துப் படித்ததுதான் என் படிப்பு. தையலும் அப்படித்தான். கிழிந்த ரவிக்கை ஒன்றை நூல் நூலாகப் பிரித்துப் பார்த்து, அதே வழியில் திரும்பச் சேர்த்துக் கற்றுக்கொண்டேன். மனுஷர்கள் பேசுவதைக் கேட்டு மனசில் முடிந்து வைத்துக்கொள்வது மட்டும் யாரும் சொல்லித் தராமலேயே வந்தது. அந்த விஷயத்தில் பக்கத்துப் போர்ஷன் எனக்குக் கிடைத்த கொடுப்பினை.

குடிவந்த வாரத்திலேயே ஒரு சாயங்காலம் பக்கத்துச் சுவர் அதிர்ந்தது. கூடவே ஓர் ஆண் குரல் அடிவயிற்றிலிருந்து அலறியது. மறுபடி அதிர்ச்சி, மறுபடி அலறல். யாரோ யாரையோ கொல்கிறார்கள் என்று கையிலிருந்த கரண்டியோடு ஓடினேன். உள்ளே, கழுத்தும் தோளும் ஒன்றாகிப்போன மாதிரி ஒரு மனுஷர், தன்னந்தனியாகச் சுவரில் போய் மோதி, கீழே விரித்திருந்த கோணிப்பைகளின் மேல் விழுந்து, எழுந்து, திரும்ப மோதிக்கொண்டிருந்தார். அவர் மனைவி வாசற்படி அருகே முறத்தில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். அவர் பக்கம் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

“ஒண்ணுமில்லம்மா, விழுந்து பழவுது” என்றாள். “கரண்டியில இன்னா, கொழம்பா?”

அன்றிலிருந்து அவர் எனக்கு அண்ணன், அவள் அக்கா.

அண்ணனுக்கு சினிமாவில் அடி வாங்குகிற வேலை. வில்லனுக்குப் பின்னால் கோடு போட்ட பனியனோடு நாலு பேர் நிற்பார்களே, அதில் இடது ஓரம் அவர். ஹீரோவின் முதல் குத்து அவருக்குத்தான். அரிசி மூட்டைகள் சரிந்தால் அடியில் அவர் இருப்பார். கண்ணாடி அலமாரி உடைந்தால் உள்ளே இருப்பார். மாடிப்படியில் தலைகீழாக உருண்டு வருவதும் அவரே. ரேஷன் கார்டுக்கு விவரம் கேட்க வந்தவர் என்ன தொழில் என்று கேட்டபோது, “அடி வாங்கறேன் சார்” என்று மரியாதையாகச் சொன்னார். வந்தவர் திகைத்துப்போய் அக்காவைப் பார்த்தார். “என்னாண்ட இல்ல சார், சினிமால” என்றாள் அக்கா.

அவருக்கு மெத்தை தைக்கிற வேலை என்னிடம் வந்து சேர்ந்தது. சட்டைக்குள் கட்டிக்கொள்வதற்கு. பஞ்சு, தேங்காய் நார், பழைய சைக்கிள் டியூப் எல்லாம் வைத்து முதுகுக்கு ஒன்று, முழங்கைக்கு, முழங்காலுக்கு, இடுப்புக்கு என்று தைப்பேன். என்ன படம் என்று கேட்க மாட்டேன். யார் அடிக்கிறார் என்றுதான் கேட்பேன். “அவரு கை மேல படாது தங்கச்சி, பூ மாதிரி. ஆனா கால் வுடுவாரு. எடது விலாவுக்கு நல்லா கெட்டியா வையி” என்பார். இன்னொருவருக்குத் தூரம் பிடிபடாது, காற்றில் நிற்க வேண்டிய குத்து தாடையில் வந்து நிற்கும், தாடைக்கு ஏதாவது தைக்க முடியுமா என்று கேட்பார். தாடைக்கு எதைத் தைப்பது? ஊரெல்லாம் அந்த ஹீரோக்களைப் பாட்டாலும் சிரிப்பாலும் தெரிந்து வைத்திருந்தது. எனக்கு அவர்களை அண்ணன் உடம்பில் வீங்கிய இடங்களாகத்தான் தெரியும்.

ஷூட்டிங் முடிந்து வரும் நாட்களில் அக்கா உளுத்தமாவில் முட்டையின் வெள்ளைக்கருவைக் குழைத்துப் பத்துப் போடுவாள். முதுகில் கறுப்பு, தோளில் ஊதா, போன வாரத்து அடி பழுத்து மஞ்சள். “இந்த உடம்பை இட்டுகினு போனா எந்தப் புடவைக்கும் ரவிக்கைத் துணி மேட்ச் பண்ணிடலாம்” என்பாள். சொல்லிக்கொண்டே அழுத்தித் தேய்ப்பாள். சினிமாவில் கத்துவதைவிட அண்ணன் அங்கேதான் அதிகம் கத்துவார்.

தொழிலைப் பற்றி அவருக்கு ஒரு கொள்கை இருந்தது. “அடிக்கிறவன் கைய வீசறான், அவ்ளோதான். சண்டை போடறதே வாங்கறவன்தான்.” சண்டை மாஸ்டர் ஒன்று, இரண்டு என்று குரல் கொடுப்பார். அந்தக் குரலுக்கு முகத்தை வெட்டித் திருப்ப வேண்டும், கத்த வேண்டும், பறந்து போய் விழ வேண்டும். கத்தாமல் விழுந்தால் ஹீரோவின் கையில் பலமில்லை என்று அர்த்தம். ஆகவே முதலில் கற்றுக்கொடுப்பதே கத்தத்தான்.

இத்தனையையும் வாங்கிக்கொண்டிருந்த மனுஷருக்கு இருந்தது ஒரே ஆசை. ஒரு படத்தில் சாக வேண்டும்.

சிரிக்காதீர்கள். சினிமாவில் அடியாளுக்குச் சாவு கிடையாது. அவன் அடி வாங்குவான், ஓடுவான், அடுத்த சண்டையில் வேறு பனியன் போட்டுக்கொண்டு திரும்ப வருவான். சாகிறவனுக்குத்தான் குளோசப். சாகிறவனுக்குத்தான் ஒரு வசனம். படத்தில் அவனுக்கு ஒரு பெயர் இருக்கும், அந்தப் பெயரைச் சொல்லி யாராவது ஒருவர் கூப்பிடுவார். டைட்டிலிலும் அவன் பெயர் தனியாக வரும். அண்ணன் அதுவரைக்கும் டைட்டிலில் ‘மற்றும் பலர்’. “பலருல நான் எத்தினியாவது ஆளுன்னு எவனுக்குத் தெரியும்?” என்பார்.

ஒரு தடவை அந்த ஆசை வேறு விதமாக நிறைவேறப் பார்த்தது. பொங்கலுக்கு வந்த ஒரு படத்தில் அவர் ஹீரோவைப் பின்னாலிருந்து கட்டையால் அடித்திருந்தார். கோடம்பாக்கத்திலிருந்து ரயிலில் திரும்பும்போது அந்த ஹீரோவின் ரசிகர்கள் அவரை அடையாளம் கண்டுகொண்டார்கள். பல்லாவரத்தில் சட்டைக் காலரைப் பிடித்து இழுத்து இறக்கிப் பிளாட்பாரத்தில் சூழ்ந்துகொண்டார்கள். என் வீட்டுக்காரரும் அதே ரயிலில் வந்ததால் எல்லாவற்றையும் பார்த்தார். குறுக்கே போனவருக்கும் முகத்தில் ஒன்று விழுந்தது.

அண்ணன் திருப்பி ஓர் அடிகூட அடிக்கவில்லையாம். ஒவ்வொரு குத்துக்கும் முகத்தை வெட்டித் திருப்பி, அலறி, தூணில் மோதி, சிமெண்டு பெஞ்சைத் தாண்டி உருண்டு, அந்தப் பிளாட்பாரத்தையே ஸ்டூடியோவாக்கிவிட்டார். அடித்தவர்களுக்குத் தங்கள் கையில் இவ்வளவு பலமா என்று ஒரே பிரமிப்பு. ஒருவன் தன் முஷ்டியையே திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டானாம். பெல்ட்டைக் கழற்றிய ஆள் ஒருவன்தான் ஏமாறவில்லை. அவன் பக்கிள் பட்டு அண்ணனுக்குக் காதோரம் எலும்பு தெரியக் கிழிந்தது. ரத்தத்தைப் பார்த்ததும் கூட்டத்தில் ஒருத்தன், “வுட்றா, செத்துத் தொலையப் போறான்” என்று கத்த, எல்லாரும் கலைந்துவிட்டார்கள்.

காதில் தையல் போட்டுக்கொண்டு வந்து உட்கார்ந்தவர் சொன்னது: “அங்கயும் சாவ வுடல பாத்தியா.”

அந்த வருஷத்துக் கோடையில்தான் ரஷ்யாக்காரர் எங்கள் வாழ்க்கையில் வந்தார்.

யூனியன்காரர்கள் நட்புக் கூட்டம் என்று வைத்து, ரயில்வே குடியிருப்பு மைதானத்தில் இரண்டு கம்பம் நட்டு, வெள்ளைத் துணி கட்டி, ரஷ்யப் படங்கள் காட்டுவார்கள். படத்துக்குப் பக்கத்தில் ஒரு தோழர் மைக்கோடு நின்று தமிழில் கதை சொல்வார். அவருக்கும் ரஷ்ய மொழி தெரியாது. எங்கிருந்தோ வந்த கதைச் சுருக்கத்தைப் படம் ஓடும் வேகத்துக்குச் சொல்ல முடியாமல், “இவர் அந்தப் பெண்ணின் அண்ணன். இல்லை, மன்னிக்கணும் தோழர்களே, அண்ணன் குதிரை மேல் இருப்பவர்” என்று தடுமாறுவார். எங்களுக்கு அதுவே தனி வேடிக்கை.

முதல் படத்தில் ஒரு கிராமத்துக்குள் பகைவர்களின் சிப்பாய்கள் நுழைந்தார்கள். ஒரு வீட்டுக் கதவை உடைத்தார்கள். உள்ளே உருளைக்கிழங்கு மூக்கும் வழுக்கையுமாக, நம் ஊர் போஸ்ட்மேன் மாதிரி சாதாரணமாக ஒரு ஆள். சிப்பாய் துப்பாக்கிக் கட்டையால் அவர் மண்டையில் ஓங்கி அடித்தான். அந்த அலறலுக்கு நாங்கள் காதைத் தயார் பண்ணிக்கொண்டோம். அலறல் வரவில்லை. தொப்பி மட்டும் கீழே விழுந்தது. அவர் அடித்தவனைப் பார்த்தார். என்னையா, என்று கேட்கிற மாதிரி. பிறகு குனிந்து தொப்பியை எடுத்தார், முழங்காலில் தட்டினார், தலையில் வைத்துச் சரிபார்த்தார். நெடுந்தூரம் பஸ்ஸில் நின்றுகொண்டே வந்தவர் மாதிரி சுவரோரம் உட்கார்ந்தார். அவ்வளவுதான், எழுந்திருக்கவில்லை. மைக் தோழர்கூடப் பேச மறந்துவிட்டார். மைதானத்தில் மெஷின் ஓடும் சத்தம் மட்டும் கேட்டது.

அண்ணன் என் வீட்டுக்காரரின் கையைப் பிடித்து நசுக்கிக்கொண்டிருந்தார். “அவன் செத்தான்யா” என்றார். “நாங்கல்லாம் சும்மா வுழறோம்.”

அதற்கப்புறம் ஒரு கூட்டம் விடாமல் போனோம். அந்த ஆள் வருவார் என்று எந்த உத்தரவாதமும் இல்லை, ஆனால் பல படங்களில் வந்தார். ஒன்றில் ரயில் டிரைவராகி என்ஜினிலேயே சுடப்பட்டார். இன்னொன்றில் குடிகாரராக வந்து, ஜமீன்தாரின் குதிரை வீரர்கள் சாட்டையால் உரிக்க உரிக்க, பனியில் ஊர்ந்துபோய்ச் செத்தார். ஒன்றில் அவரைக் கிணற்றில் தள்ளினார்கள். வசனம் ஒன்றோ இரண்டோதான் இருக்கும். ஒவ்வொரு தடவையும் சாவதற்கு முன்னால் ஒரு சின்னக் காரியம் பண்ணுவார். பொத்தானைப் போடுவார், அணையப் போகும் பீடியை ஒரு இழுப்பு இழுப்பார். அதைப் பார்த்ததும் அண்ணன் என் வீட்டுக்காரரின் தொடையில் தட்டி, “வந்திச்சு பாரு” என்பார்.

பெயரைத் தெரிந்துகொள்ள மைக் தோழரைப் பிடித்தார். தோழர் யாரையோ விசாரித்துவிட்டு வந்து, ஹீரோ, ஹீரோயின் பெயர்தான் எழுதி வந்திருக்கிறது, மற்ற நடிகர்கள் பெயர் இல்லை என்றார்.

“அங்கயும் மற்றும் பலரா?” என்றார் அண்ணன். அவருக்கு அது போதுமாயிருந்தது. அன்றையிலிருந்து அந்த ஆள் ‘ரஷ்யா மச்சான்’ ஆகிவிட்டார்.

மச்சானின் வாழ்க்கையை அண்ணன் படத்துக்குப் படம் கோத்து வைத்துக்கொண்டார். நடுவில் ஒரு குழப்பம் வந்தது. முந்தின படத்தில் போயிருந்த முன்பல் அடுத்த படத்தில் திரும்ப முளைத்திருந்தது. படங்களை அவர்கள் எடுத்த வரிசையில் அனுப்புவதில்லை என்று புரியக் கொஞ்ச நாளாயிற்று. ஒரு படத்தில் மச்சான் நொண்டினார். கதையில் நொண்டுகிற மாதிரி எழுதியிருக்கும் என்றேன். அண்ணன் ஒப்புக்கொள்ளவில்லை. “நடிப்புக்கு நொண்டறவன் நொண்டிக் காலையே காட்டிகினு இருப்பான். இவன் மறைக்கிறான் பாரு. நெசமாவே போச்சு அந்தக் கால். எந்தச் சண்டையில போச்சோ.” கண்ணைத் துடைத்துக்கொண்டார். தாம்பரத்தில் ஒருவர் தன் காலுக்காக அழுதது அந்த மனுஷருக்குத் தெரிந்தே இருக்காது.

பக்கத்துச் சுவர் அதிர்வது நின்றது அப்போதிலிருந்துதான். துண்டை முண்டாசாகக் கட்டிக்கொண்டு, அது கீழே விழ, எடுத்து உதறி, கட்டி, மெல்ல உட்கார்ந்து சாவார். எழுந்து மறுபடி சாவார். சத்தமே இருக்காது. அக்கா என்னிடம் வந்து, “செவுத்துல முட்டிகினு கத்தறப்போ நிம்மதியா இருந்தேன். இப்போ பயமா கீது” என்றாள்.

எழுபதுகள் பிறந்து கொஞ்ச காலம் கழித்து அவருக்கு அந்த வாய்ப்பு வந்தது. புது டைரக்டர். கதையில் வில்லனின் வலது கை அண்ணன். குவாரியில் ஹீரோ அவரை அடித்தே கொல்ல வேண்டும். சாகும்போது, ஹீரோவின் அம்மாவை எங்கே அடைத்து வைத்திருக்கிறார்கள் என்று மனம் மாறிச் சொல்லிவிட்டுச் சாக வேண்டும். பெயர் உண்டு, குளோசப் உண்டு, டைட்டிலில் தனியாக உண்டு.

வீட்டுக்குள் நுழையும்போதே, “அடியே, நான் சாவறேன்” என்று சொல்லிக்கொண்டுதான் வந்தார். வெளியே போகும்போது ‘போறேன்’ என்று சொன்னாலே திருப்பிக் கூப்பிட்டு ‘வரேன்’ சொல்ல வைக்கிறவள் அக்கா. ஈரக்கையால் அவர் வாயிலேயே ஓங்கி அறைந்தாள். அப்புறம் கையில் கிடைத்த பித்தளைச் சொம்பு பறந்தது. அவர் தொழில் புத்தியில் முகத்தைத் திருப்பிக்கொள்ள, அது எங்கள் போர்ஷன் கதவில் வந்து விழுந்தது. அந்தப் பள்ளம் கதவில் கடைசிவரை இருந்தது.

“தாலி கட்டினவன் சாவறத நாலு கொட்டாயில காசு குட்த்து பாக்கணுமா?” என்று கிணற்றடிவரை கேட்கக் கத்தினாள்.

உடைக்கு அளவெடுக்க வந்த உதவி டைரக்டர்தான் அவள் கோபத்தைக் கொஞ்சம் இறக்கினார். சினிமாவில் யார் செத்தாலும் உடனே எழுந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்க வைத்து அதையும் படம் பிடிப்போம், திருஷ்டி கழிப்போம், அப்படிச் செத்துச் சிரித்தவர்கள் எல்லாரும் நன்றாக இருக்கிறார்கள் என்றார். அவள் அரை மனசாகக் கேட்டுக்கொண்டாள். மீதி அரை மனசை மாற்றியது அண்ணன்தான். அன்றைக்கு நான் அவர்கள் வாசற்படியில் உட்கார்ந்து பட்டன் காஜா எடுத்துக்கொண்டிருந்தேன். அண்ணன் சத்தம் போடாமல் பேசினார்.

“இத்தினி வருசமா அடி வாங்கறேன். ஒருத்தனாவது என் மூஞ்சிய பாத்தானா? அடிக்கிற கையதான் பாக்கறான். சாவும்போது பாப்பான். ஒரே ஒரு தபா பாக்கட்டுமே.”

அக்கா அவர் காதோரத்துத் தழும்பை விரலால் தடவிப் பார்த்தாள். பிறகு, அப்படியானால் நானும் வந்து பார்க்கிறேன், கண்ணால் பார்த்தால்தான் எனக்கு பயம் போகும் என்றாள். அன்றிலிருந்து வருகிறவர் போகிறவரிடமெல்லாம், “எங்க வூட்டுக்காரரு இந்தப் படத்துல சாவறாரு” என்று அவளே சொல்ல ஆரம்பித்துவிட்டாள்.

ஷூட்டிங் நாளன்று நானும் அவளும் ரயிலேறிப் பல்லாவரத்தில் இறங்கித் திரிசூலத்துக்கு நடந்தோம். குவாரியில் வெயில் கல்லில் பட்டுக் கண்ணைக் குத்தியது. வெள்ளிக் காகிதம் ஒட்டிய பலகைகள் போதாதென்று மலையே வெளிச்சத்தைத் திருப்பி அடித்தது. ஜல்லி உடைக்கும் பெண்களை வேலையை நிறுத்தச் சொல்லியிருந்தார்கள்; சுத்தியலோடும் கூடையோடும் ஒரு மேட்டில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்தார்கள். ஹீரோ அப்போதுதான் மேலே வந்துகொண்டிருந்தவர், வெள்ளைப் பேண்ட், குடைக்குக் கீழே நாற்காலி.

முதலில் ஒத்திகை. ஹீரோ காற்றில் குத்தினார். அண்ணன் கத்தவில்லை. முண்டாசு அவிழ்ந்து விழுந்தது. ஹீரோவைப் பார்த்தார். குனிந்து துண்டை எடுத்து, உதறி, நிதானமாகத் தலையில் சுற்றிக் கட்டினார். கல்லில் சாய்ந்து உட்கார்ந்தார். மேட்டிலிருந்த பெண்கள் சூள் கொட்டினார்கள். “அய்ய, எய்ந்துருப்பா” என்றாள் ஒரு கிழவி. கேமராக்காரர் கேமராவிலிருந்து கண்ணை எடுத்துவிட்டு வெறும் கண்ணால் பார்த்தார். என் பக்கத்தில் அக்கா, “மச்சானே வந்தா மாதிரி கீது” என்றாள்.

ஹீரோவுக்கு அந்தச் சூள் கொட்டல் கேட்டுவிட்டது. டைரக்டரைக் கூப்பிட்டு, எல்லாருக்கும் கேட்கும்படியே சொன்னார்: “நான் அடிக்கிறேன், அவன் நின்னு முண்டாசு கட்டறான். ஜனம் யாரை சார் பாக்கும்?”

டைரக்டர் மாஸ்டரைப் பார்த்தார். மாஸ்டர் அண்ணனிடம் போய், கத்து, பறந்து விழு, எத்தனை வருஷமாகத் தெரிந்த வேலை என்று திட்டினார். அண்ணன் தலையை ஆட்டினார். கேமரா ஓடியது. அண்ணன் கத்தவில்லை.

ஹீரோவின் குத்து இந்தத் தடவை காற்றில் நிற்கவில்லை. மோதிரம் போட்ட கை தாடையில் இறங்கிய சத்தம் எங்களுக்குக் கேட்டது. உதடு பிளந்து மோவாயில் வழிந்தது. அண்ணன் ஹீரோவைப் பார்த்தார், குனிந்து துண்டை எடுத்தார். நிறுத்தினார்கள், திட்டினார்கள், திரும்ப ஓட்டினார்கள். இரண்டாவதில் ஹீரோ காலை விட்டார், இடது விலாவில். நான் தைத்த மெத்தை எங்கே முடிகிறது என்று எனக்குத் தெரியும். அதற்கு ஒரு சாண் மேலே விழுந்தது. அண்ணன் மடங்கி, மூச்சு வராமல் வாயைத் திறந்து மூடினார். மடங்கியபடியே கை துண்டைத் தேடியது.

மூன்றாவதில் ஹீரோ அவர் தலைமுடியைப் பிடித்து இழுத்து, முகத்தைத் தன் முழங்காலில் மோதினார். ஒன்று, இரண்டு என்று எண்ணிக்கொண்டிருந்த மாஸ்டர் எண்ணுவதை நிறுத்திவிட்டார். மூக்கு நசுங்கியது. ஒரு பல் கல்லில் பட்டுத் தெறித்ததை நான் பார்த்தேன். வெள்ளைப் பேண்ட்டில் ரத்தம். அக்கா என் மணிக்கட்டைப் பிடித்திருந்தாள். நகம் இறங்கி எனக்கும் ரத்தம் கசிந்தது. ஆனால் அவள் கண்ணை மூடவே இல்லை. போகலாம் வா என்று இழுத்தேன். “இரு, சாவல இன்னும்” என்றாள்.

அண்ணன் எழுந்து நின்றார். என்னையா, என்று கேட்கிற அந்தப் பார்வை இப்போது நடிப்பாக இல்லை. துண்டை எடுத்தார். உதறினார். ஒரு சுற்று தவறிப்போய்த் திரும்பச் சுற்றினார். கல்லில் சாய்ந்து உட்கார்ந்தார். அந்த வசனத்துக்காக வாயைத் திறந்தார். “அந்தம்மா…” என்று ஆரம்பித்தார்.

டைரக்டர் கட் என்றார்.

ஹீரோ நாற்காலிக்குப் போய்விட்டார். டைரக்டர் உதவியாளர்களைக் கூப்பிட்டு மளமளவென்று மாற்றிச் சொன்னார். இந்த ஆள் சாக வேண்டாம். முதல் அடியிலேயே ஓடிவிட்டான் என்று வைத்துக்கொள்ளலாம். அம்மா இருக்கும் இடத்தை வேறு யாராவது சொல்லட்டும். அண்ணன் உட்கார்ந்த இடத்திலிருந்தே, உடைந்த வாயோடு, “சார், இன்னொரு தபா சார். ஒத்திகையில வந்திச்சு சார்” என்றார். மாஸ்டர் அவர் தோளைத் தொட்டு எழுந்திருக்கச் சொன்னார். எழ முடியாமல் ரத்தத்தைத் துப்பிக்கொண்டு அங்கேயே இருந்தார்.

அப்போதுதான் அக்கா என் மணிக்கட்டை விட்டுவிட்டு, கூட்டத்தைத் தடுக்கக் கட்டியிருந்த கயிற்றைத் தாண்டி டைரக்டரிடம் போனாள். நான் முதலில் சொன்ன கேள்வியைக் கேட்டாள்.

டைரக்டர் கெட்டவர் இல்லை. தலையைக் குனிந்துகொண்டு, அடியாள் வேஷம்தானே அம்மா, அடுத்த படத்தில் பார்த்துக்கொள்ளலாம், வெளிச்சம் போகிறது என்றார். குடைக்குக் கீழேயிருந்து ஹீரோ, யாருங்க இந்தம்மா, அனுப்புங்க என்றார். இரண்டு பேர் அவளை வெளியே கொண்டுபோகக் கிட்டே வந்தார்கள்.

அவள் அவர்களைத் தள்ளிவிட்டுத் திரும்பி நடந்தாள். அண்ணனைத் தூக்கிக்கொண்டு போகப் போகிறாள் என்று நானும் கயிற்றைத் தாண்டினேன். அவள் கல் சில்லுகளின் மேல் காலை நீட்டி உட்கார்ந்தாள். அவர் தலையை இழுத்து மடியில் போட்டுக்கொண்டாள். அவர் பதறிப்போய் எழப் பார்த்தார். நெற்றியில் கையை வைத்து அழுத்தி, “படு” என்றாள். அவர் கண்ணை மூடினார். அக்கா கொண்டையை அவிழ்த்து உதறி, இரண்டு கையாலும் மாரில் ஓங்கி அறைந்துகொண்டு, குவாரியின் நாலு சுவரும் திருப்பிச் சொல்லும்படி, அவர் பெயரைச் சொல்லி ஒப்பாரி வைத்தாள்.